பாலத்துக்குள் பனி கொட்டிய ஆசகேல்

பாலத்தின் அடிக்கட்டையில் ஆசகேல் வைத்த கத்தி பிடி வரைக்கும் உள்ளே போனது. மரத்துக்குள் போவது போல அல்ல, ஊறிய ரொட்டிக்குள் போவது போலப் போனது. நான் கீழே ஏணியை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். ஆண்டவரே, இந்த மனிதருக்கா இது என்றுதான் முதலில் தோன்றியது.

ஆசகேல் பிங்கம் எங்கள் ஊர்க் கூரைப் பாலத்துக்குப் பனி போடுகிறவர். வெர்மான்ட் குளிரில் சாலையெல்லாம் பனி மூடிவிட்டால் சறுக்குவண்டிகள் வழுக்கிக்கொண்டு போகும். பாலத்துக்குள் மட்டும் கூரை இருப்பதால் வெறும் பலகைதான். இரும்புச் சறுக்கு அதில் உரசினால் குதிரை அப்படியே நின்றுவிடும். ஆகவே ஒருவர் வெளியிலிருந்து பனியை வாரி வந்து உள்ளே பரப்ப வேண்டும். மார்ச் மாத ஊர்க்கூட்டத்தில் அதற்கு ஆள் தேர்ந்தெடுப்போம். வருடாவருடம் அவர் பெயரைத் தவிர வேறு பெயர் எழும்பியதில்லை.

கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அந்தப் பாலம்தான் அவருக்கு எல்லாம். முன்பு அதே இடத்தில் இருந்த திறந்த பாலங்கள் மழையில் நனைந்து உளுத்து விழுந்துவிட்டனவாம். அப்புறம்தான் கூரையோடு கட்டினார்கள். பலகைகளைச் சாய்வாகத் தட்டி பின்னுவது போல இரு பக்கமும் பின்னி, சேருமிடமெல்லாம் ஆணிக்குப் பதில் ஓக் மர முளை அடித்து இறுக்கியிருந்தார்கள். அடித்தவர்களில் ஆசகேலின் தகப்பனாரும் ஒருவர். ஆற்றைப் பார்த்துக் குதிரை மிரளாமல் இருக்கத்தான் கூரை என்று யாராவது சொன்னால் இவர் சிரிப்பார்.

"கூரை குதிரைக்கு இல்லப்பா, மரத்துக்கு. மரம் நனையாம இருந்தா நம்ம பேரன் காலத்துக்கும் நிக்கும்."

மற்ற ஊர்களில் குளிர்காலத்தின் நடுவில் வெயில் அடித்துப் பனி உருகிவிட்டால், பாலத்தில் போடப் பனியை ஓடியோடித் தேடுவார்கள். எங்கள் பாலத்தில் அந்தப் பாடே கிடையாது. முதல் பனியிலேயே ஆசகேல் இரண்டு சுவரோரமும் இடுப்பு உயரத்துக்குக் குவித்து வைத்துவிடுவார். குறைந்தால் அதிலிருந்து எடுத்துப் பரப்புவார். வேதம் சொல்லும் 'கொஞ்சத்தில் உண்மையாயிருப்பவன்' இவர்தான் என்று போதகர் பிரசங்கத்திலேயே அவரைக் காட்டியிருக்கிறார்.

போன இலையுதிர் காலத்தில் பாலம் நடுவில் தொய்ந்தது. அந்தக் கோடையில்தான் அக்கரையில் குடியிருக்கும் கனடாக்காரன் ஒனெசிம் துபே, மரம் ஏற்ற ஒரு பழைய லாரி வாங்கியிருந்தான். ஆசகேல் கடை வாசலிலேயே அவனைப் பிடித்துக்கொண்டார்.

"லாரிக்காரப் பயலே, என் பாலத்தை முறிச்சிட்டியேடா!"

"உங்க பாலமா ஐயா? நான் ஊர்ப் பாலம்னுல்ல நெனச்சேன்."

எல்லோரும் சிரித்தார்கள். ஆனால் குளிர்காலம் முழுக்க ஊர் ஆசகேல் பக்கம்தான் நின்றது. லாரி இனிப் பாலத்தில் ஏறக் கூடாது என்று மார்ச் கூட்டத்தில் தீர்மானம் கொண்டுவரப் போவதாக அவர் சொன்னார். அது நிறைவேறினால் ஒனெசிம் லாரியை விற்றுவிட்டுப் பிழைப்புக்கு வேறு ஊர் பார்க்க வேண்டியதுதான்.

கூட்டத்துக்கு முந்தின நாள் ஆசகேல் என்னைக் கூப்பிட்டார். வெயில் அடித்தாலும் ஆறு இன்னும் உறைந்தே இருந்ததால் பாலத்துக்கு அடியிலேயே ஏணி போட முடிந்தது.

"லூதர், நல்லாப் புடி. லாரி முறிச்ச எடத்தைக் காட்டுறேன். நாளைக்கு நீதான் சாட்சி."

"மெதுவா அண்ணே. நீங்க விழுந்தா ஐஸ் உடையாது, நீங்கதான் உடைவீங்க."

பாலத்து நடுப் பலகைகளின் அடியைத் தடவித் தடவிப் பார்த்தார். ஒரு விரிசல்கூட இல்லை. ஏணியைச் சுவர்ப் பக்கம் நகர்த்தச் சொல்லி, பாரம் தாங்கும் அடிக்கட்டையில் கத்தியை வைத்தார். அப்போதுதான் அது பிடி வரை போனது. பக்கத்திலிருந்த முளையை இழுத்தார். கூழாகக் கையோடு வந்தது.

"தண்ணி எங்கேருந்துடா வந்துச்சு? கூரையில ஒரு ஓட்டை கெடையாதே."

அவர் சொல்லி முடிக்கவில்லை, மேலே பலகை இடுக்கிலிருந்து ஒரு சொட்டு அவர் கன்னத்தில் விழுந்தது. பின்னாலேயே இன்னொன்று. அண்ணாந்து பார்த்தார். நானும் பார்த்தேன். அவர் குவித்து வைத்த பனிதான் உருகிச் சொட்டியது.

அந்த முளைக் கூழைக் கைக்குட்டையில் முடிந்துகொண்டு இறங்கினார்.

"தண்ணியை வெளிய நிறுத்தத்தானே கூரை போட்டாங்க லூதர். நான் வாரி வாரி உள்ள கொண்டாந்து கொட்டியிருக்கேனே."

ஏதாவது சொல்ல வேண்டுமே என்று, "லாரியும் கொஞ்சம் ஆட்டியிருக்கும்ல அண்ணே," என்றேன்.

"சொத்தைப் பல்லை ரொட்டி ஒடச்சிடுச்சும்பியா நீ?"

மறுநாள் கூட்டத்தில் பெண்கள் அவித்த பீன்ஸும் பழப் பலகாரமும் கொண்டுவந்து ஓரத்தில் வைத்திருந்தார்கள். தலைவர் லாரித் தீர்மானத்தை வாசித்தார். பாதிப் பேர் அப்போதே கையைத் தூக்கிவிட்டார்கள். ஒனெசிம் கடைசி வரிசையில் தொப்பியைக் கசக்கிக்கொண்டு நின்றான். ஆசகேல் எழுந்தார்.

"கையை எறக்குங்க. பாலத்தை உளுக்க வெச்சது லாரி இல்ல. நான்தான். சுவரோரம் நான் குவிச்ச பனி."

போதகர் வாய் திறந்தபடியே உட்கார்ந்திருந்தார். யாரோ, "கிண்டல் பண்ணாதீங்கண்ணே," என்றார்கள். அவர் கைக்குட்டையை அவிழ்த்து அந்த முளைக் கூழை மேசைமேல் வைத்தார். தூக்கிய கைகள் ஒவ்வொன்றாக இறங்கின.

ஒனெசிம் முன்னால் வந்தான். முகம் சிவந்திருந்தது.

"இங்க சொன்னது பத்தாது ஐயா. குளிர்காலம் பூரா கடையில என் பொண்டாட்டிக்கு ஒருத்தரும் மொகம் குடுக்கல. பாலம் முறிச்சவன் வீட்டுக்காரின்னு. அவகிட்ட வந்து சொல்லுங்க."

ஆசகேல் தொப்பியை எடுத்துக்கொண்டு உடனே கிளம்பினார். எனக்கு மனசு கேட்கவில்லை, ஒனெசிமோடு நானும் கூடவே போனேன். பாலத்துக்குள் நடக்கும்போது அவர் சுவர்ப் பக்கம் திரும்பவே இல்லை.

ஒனெசிமின் மனைவி டெல்வினா மாவுக் கையோடு கதவைத் திறந்தாள். அவளுக்கு எங்கள் பாஷை தெரியாது. ஆசகேல் சொல்லச் சொல்ல ஒனெசிம் அவர்கள் பாஷையில் எடுத்துச் சொன்னான். அவள் கண் கொட்டாமல் கிழவரையே பார்த்தாள். பிறகு மெல்ல ஏதோ சொன்னாள்.

"என்ன சொல்றா?" என்றார் ஆசகேல்.

"இன்னொரு தடவை சொல்லச் சொல்றா ஐயா."

ஆசகேல் இன்னொரு தடவை சொன்னார்.