அக்காள்மடத்தில் ஒரு மௌனத் தீர்மானம்

அக்காள்மடத்தில் பஸ்ஸை விட்டு இறங்கி டீ குடித்துக்கொண்டிருக்கிறேன். எதிரே ஓசைக் கொத்தனார் சங்க அலுவலகம். இவர்கள் கரண்டி பிடிப்பதில்லை. ஈரச் சுண்ணாம்புக் கலவையைச் சுற்றி நின்று குரல் கொடுத்தால் அது எழுந்து சுவராக நிற்கும். இந்த ஊரில் பாதி வீடுகள் இவர்கள் குரலில் எழும்பியவைதான், ஒரு விரிசல் கிடையாது. சங்கக் கட்டடம் மட்டும் நாலு சுவரும் நாலு பக்கம் சாய்ந்து நிற்கிறது.

"உங்க கட்டடத்த மட்டும் ஏன்ணே இப்படி விட்டுட்டீங்க?" வாசலில் நிற்கும் செயலாளர் முத்திருளாண்டியிடம் கேட்கிறேன்.

"நல்லாத்தான் சார் கட்டுனோம். மாசாமாசம் இங்கனதான கூட்டம் போடுறோம். ஒவ்வொரு சண்டைச் சத்தத்துக்கும் செவரு ரெண்டு வெரலளவு சாயுது. சண்டை இல்லேன்னா கூட்டத்துக்கு எவன் வருவான்?"

சுவர் இப்படிச் சாய்வதால்தான் இன்று அவசரக் கூட்டம். இனி உள்ளே யாரும் சத்தம் போடக் கூடாது என்று தீர்மானம். டீ கிளாஸோடு சன்னல் வழியே பார்க்கிறேன். முத்திருளாண்டி தீர்மானத்தைக் கரும்பலகையில் எழுதுகிறார். முப்பது பேரும் வாய் திறக்காமல் கை தூக்குகிறார்கள். ஓர் எதிர்ப்புகூட இல்லை. சங்கத்தில் இதுவரை நடக்காத அதிசயம். அந்தச் சந்தோஷத்தில் எல்லோரும் எழுந்து கைதட்டுகிறார்கள்.

தெற்குச் சுவர் மெதுவாக, மரியாதையாக, ரோட்டுப் பக்கம் உட்கார்ந்துவிடுகிறது. யாருக்கும் அடியில்லை. வெளியே ஓடி வந்த முத்திருளாண்டி, தீர்மான நோட்டில் படிந்த தூசியை ஊதிவிட்டு எழுதுகிறார்: "பலத்த கரவொலிக்கிடையே தீர்மானம் ஒருமனதாக நிறைவேறியது."