வண்டி எண் கேட்டு எழுதிய ஜெபச் சீட்டு

அன்பான சபையாரே, சாட்சி சொல்லுகிறவர்கள் அழுவது வழக்கம். எனக்கு அது வராது. இது ஆபீஸ் குறிப்பு மாதிரி இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

போன வருடத்துக்கு முந்தின வருடம், ஜூலையில் ஒரு செவ்வாய்க்கிழமை. காலை ஐந்தே முக்காலுக்கு முதல் ஷிப்டுக்குக் கிளம்பிய என் மகன் டேனியலை மாடம்பாக்கம் போகும் வழியில் ஒரு வளைவில் லோடு வண்டி அடித்துப் போட்டது. வண்டி நிற்கவில்லை. நான் போய்ச் சேர்ந்தபோது அவனுடைய ஹெல்மெட்டில் ஒரு கீறல்கூட இல்லை. முப்பத்து நான்கு வயது. மனைவி ஷீபா. நான்கு வயதில் ஒரு பெண் குழந்தை.

நான் வேலை பார்த்தது ஒரு இன்சூரன்ஸ் கம்பெனியில், விபத்து இழப்பீட்டுப் பிரிவில். சாலையில் செத்தவர்களின் குடும்பத்துக்கு எவ்வளவு கொடுக்கலாம், எப்படிக் கொடுக்காமல் இருக்கலாம் என்று பார்ப்பது என் வேலை. இரண்டாவதில் எனக்கு நல்ல பெயர். அதனால் பிணவறை வாசலிலேயே கணக்குத் தெரிந்துவிட்டது. வண்டி எண் இல்லையென்றால் தீர்ப்பாயத்தில் யார் மேலும் வழக்குப் போட முடியாது. மோதிவிட்டு ஓடின வண்டி அகப்படாவிட்டால் அரசு தருவது இரண்டு லட்சம். அதோடு சரி. என் பென்ஷன் என்னோடு போய்விடும். அதற்குப் பிறகு அந்தக் குழந்தைக்கு எதுவும் இல்லை.

போலீஸ் ஸ்டேஷனுக்கு நடையாய் நடந்தேன். வளைவைப் பார்த்த மாதிரி கேமரா எதுவும் இல்லை. தூரத்திலிருந்து பார்த்த ஒருவர் வெள்ளை வண்டி என்று மட்டும் சொன்னார். "தேடிகினுதான் கீறோம் சார்" என்றார் ஏட்டு. 'கண்டுபிடிக்க இயலவில்லை' என்ற அறிக்கை தயாராவது எனக்குப் புரிந்தது. எத்தனையோ கோப்புகளில் அந்த வாக்கியத்தைப் பார்த்து நிம்மதி அடைந்தவன் நான்.

ஐந்து வாரம் நான் ஜெபிக்கவில்லை. யாரிடம் என்ன கேட்பது. ஆறாவது வாரம் ஷீபா ஒரு பேனாவைக் கொண்டுவந்து வைத்தாள். "மாமா, உபவாச ஜெபத்துக்குச் சீட்டு போடணும். நீங்க எழுதுங்க. எனக்கு எழுத வரல."

நம் சபையில் சீட்டு என்றால் ஒரு வரிதான். 'கால் வலிக்காக.' 'மகள் திருமணத்துக்காக.' எனக்கு அப்படி எழுத வராது. முழுத்தாளில் மனுவாக எழுதினேன். பெறுநர், ஆண்டவர். பொருள், வண்டி எண் வேண்டி. பார்வை, முதல் தகவல் அறிக்கையின் எண். பிறகு நாள், நேரம், வளைவு, எதிரே மூடிக் கிடக்கும் மாவு மில், வெள்ளை வண்டி. கையெழுத்துப் போடுவதற்கு முன் அடியில் ஒரு வரி சேர்த்தேன். 'எனக்குத் தெரிந்த வழியெல்லாம் முடிந்துவிட்டது.' அந்த ஒரு வரிதான் ஜெபம்.

ஆயர் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "சார், ஆண்டவருக்கு எஃப்.ஐ.ஆர். நம்பர் எதுக்கு?"

"பார்வை எண் இல்லாத மனு எங்கயும் நகராது ஐயா."

வெள்ளிக்கிழமை அதை ஒரு எழுத்து விடாமல் வாசித்தார். சிலர் குனிந்து சிரித்தார்கள். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன்.

கூட்டம் முடிந்து வெளியே வந்தால், செருப்பு விடும் இடத்தில் ஒரு பெண் நின்றிருந்தாள். பெயர் செல்வி. அந்த வளைவில் இட்லிக் கடை போடுகிறவள். கால் வலிக்கு ஜெபிக்க அன்றைக்குத்தான் முதல் தடவையாக வந்து, பின்வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

"சார், மாவு மில்லாண்ட உயுந்தது உங்க புள்ளையா?"

"ஆமாம்மா."

"நம்பர் என்னாண்ட கீது சார். அப்பவே கடைத் தகரத்துல கரியால எழுதி வச்சேன். போலீஸ்னா பேஜாரு, கோர்ட்டுக்கு இஸ்துகினு போவாங்கன்னு வாயத் தொறக்கல. அந்தச் சீட்ட அய்யிரு படிக்கசொல்ல, இதுக்கு மேல மறைக்கக் கூடாதுன்னு இங்க வந்து நின்னுகினேன்."

அந்த எண்ணை வைத்து, கோவிலம்பாக்கம் பக்கம் ஒரு ஷெட்டில் வண்டியைப் பிடித்தார்கள். உடைந்த முகப்பு விளக்கு அங்கேயே கிடந்தது. வண்டிக்கு இன்சூரன்ஸ் நடப்பில் இருந்தது. அதற்கு ஆண்டவரிடம் தனியாக நன்றி சொன்னேன்.

தீர்ப்பாயத்தில் எதிர்த்தரப்பு வக்கீல் செல்வியைக் கேட்டார். "ஆறு வாரம் சும்மா இருந்துட்டு, திடீர்னு எப்படிம்மா நம்பர் ஞாபகம் வந்துச்சு?"

அது எங்கள் கம்பெனி வக்கீல்களுக்கு நான் எழுதிக் கொடுத்து வந்த கேள்வி. பல வருடம் முன்பு குன்றத்தூரிலிருந்து வந்த ஒரு விதவையின் வழக்கில், தாமதமாக வந்த சாட்சியை அப்படித்தான் கவிழ்த்தோம். மடியில் பச்சைப் பையை வைத்துக்கொண்டு அந்த விதவை உட்கார்ந்திருந்தது அப்போது என் கண்முன் வந்தது.

செல்வி சொன்னாள். "ஞாபகம் எங்க சார் வந்துச்சு? நம்பர் தகரத்துலயேதான் இருந்துச்சு. நான்தான் பயந்துகினு இருந்தேன்."

நீதிபதி அதை எழுதிக்கொண்டார். ஒன்றரை வருடத்தில் தீர்ப்பு வந்தது. பெரும்பகுதி குழந்தையின் பெயரில் வங்கியில் இருக்கிறது. உத்தரவு கைக்கு வந்த அன்று ஷீபா சாப்பிடவில்லை.

குன்றத்தூர் பெண்ணைத் தேடிப் போனேன். வீடு கைமாறியிருந்தது. எங்கே போனாள் என்று யாருக்கும் தெரியவில்லை. அதற்கும் ஒரு மனு போட்டிருக்கிறேன். பதில் இன்னும் வரவில்லை.

இப்போது சனிக்கிழமைதோறும் ஆலயத்தின் பக்க அறையில் உட்கார்ந்திருக்கிறேன். விபத்தில் ஆளைப் பறிகொடுத்தவர்கள் எந்தச் சாமியைக் கும்பிடுகிறவர்களாக இருந்தாலும், காகிதங்களை எழுதிக் கொடுக்கிறேன். கர்த்தர் என்னிடமிருந்த தொழிலைப் பிடுங்கவில்லை, பக்கத்தை மட்டும் மாற்றிவிட்டார்.

வழி முடிந்துபோனவர்கள் உங்களில் யாராவது இருந்தால், சீட்டில் எல்லாவற்றையும் எழுதுங்கள். ஆண்டவருக்கு முன்பே தெரியும். பின்வரிசையில் உட்கார்ந்திருப்பவருக்குத் தெரியாது.