செல்வி எஸ்.சி. இல்லை

மக்கள்தொகைக் கணக்கெடுப்பு என்றாலே ஆசிரியர்களுக்குத் தலைவலி. வெயிலில் தெருத்தெருவாக அலைய வேண்டும், நாய் துரத்தும், போனில் ஆப் பாதியில் நின்றுபோகும். நானும் நிறையப் புலம்பியிருக்கிறேன். இப்போது சொல்ல வருவது வேறு.

நாமக்கல்லுக்கும் திருச்செங்கோட்டுக்கும் நடுவில் ஒரு காலனி என் பிளாக்கில் வந்தது. அங்கே முருகேசன் வீடு. அவர் கோழிப்பண்ணையில் முட்டை லோடு ஏற்றுகிறவர். மனைவி செல்வி. மகள் எஸ்.சி. உதவித்தொகையில் நர்சிங் படிக்கிறாள். நான் உள்ளே போனதும் முருகேசன் சுவரிலிருந்த சிலுவையைக் கழற்றி அரிசி மூட்டைக்குப் பின்னால் வைத்தார். நான் பார்க்காத மாதிரி போனைத் திறந்தேன்.

மதம் கேட்டேன்.

"எல்லாருக்கும் இந்துன்னே போடுங்க டீச்சர்," என்றார்.

கிறிஸ்தவர் என்று பதிந்தால் மகளின் சாதிச் சான்றிதழுக்கு ஆபத்து வருமோ என்று பயம். இந்தக் கணக்கை யாருக்கும் காட்ட மாட்டார்கள் என்று சொல்லிப் பார்த்தேன். அவர் நம்பவில்லை. அவர் இடத்தில் இருந்தால் நானும் நம்பியிருக்க மாட்டேன்.

அடுப்படியிலிருந்து செல்வி வந்தார். "அவங்க ரெண்டு பேருக்கும் அப்படியே போட்டுக்கங்க. எனக்கு வேண்டாமுங்க."

முருகேசன் அதட்டினார். செல்வி குரலை உயர்த்தாமல் என்னிடம் சொன்னார். போன வருஷம் காய்ச்சலில் அவர்கள் மகன் இறந்தபோது, சுடுகாட்டுக்குப் போகும் வழியில் தோட்டத்துச் சொந்தக்காரர் முள்ளை வெட்டிப்போட்டு மறித்துவிட்டாராம். பொழுது சாயும்வரை பிணத்தோடு நின்றிருக்கிறார்கள். கடைசியில் சர்ச்சுக்காரர்கள்தான் தங்கள் கல்லறைத் தோட்டத்தில் இடம் கொடுத்தார்கள்.

"எம்பையன் அங்கதான் படுத்திருக்கறான். நான் கிறிஸ்தவ இல்லீன்னு சொன்னா, அவன் எம்புள்ளையே இல்லீன்னு சொன்ன மாதிரி ஆயிருமுங்க."

செல்விக்கு மட்டும் கிறிஸ்தவர் என்று பதிந்தேன். அடுத்த கேள்வியில் எஸ்.சி. என்ற விடை மங்கிப்போனது, அழுத்தினாலும் ஏற்கவில்லை. விதி அப்படி. இந்து, சீக்கியர், பௌத்தர் தவிர மற்ற மதத்தவர் அந்தக் கணக்கில் வர மாட்டார்கள். கணவர் எஸ்.சி., மகள் எஸ்.சி., செல்வி இல்லை. ஒரே வீடு, ஒரே சோற்றுப்பானை. எனக்கு ஆத்திரமாக வந்தது, யார்மேல் என்றுதான் தெரியவில்லை.

செல்வி ரேஷன் கடைக்குக் கிளம்பியிருந்தார். என் ஸ்கூட்டியில் ஏற்றிக்கொண்டேன். ஊர்த்தெரு தொடங்கும் இடத்தில், கோயில் மரத்தடியில் நாலு பேர் உட்கார்ந்திருந்தார்கள். செல்வி என் தோளைத் தொட்டார்.

"நிறுத்துங்க டீச்சர். இந்தத் தெருவத் தாண்டற வரைக்கும் நடந்து வாரேன்."

வண்டியில் போனால் யாராவது ஏதாவது சொல்வார்களா என்று கேட்டேன்.

"சொல்ற அளவுக்கு நாங்க உட்டதில்லீங்க," என்று இறங்கிக்கொண்டார்.

கணக்கெடுக்கப் போகிற இளம் ஆசிரியர்களுக்கு ஒன்று சொல்வேன். வீட்டுக்காரர்கள் சொன்னதைச் சொன்னபடி பதியுங்கள், அதற்கு மேல் நமக்கு அதிகாரம் இல்லை. ஆனால் தலித்துகள் இத்தனை பேர் என்று எண்ணிக்கை வெளியாகும்போது அதை முழுசாக நம்பிவிடாதீர்கள். அன்று அந்தத் தெருவை இறங்கி நடந்து கடந்த செல்வி அதில் இல்லை.