இந்தியா ஆபீசர்

தேவாலாவுக்கு மேலே, தேயிலைத் தோட்டத்து மூன்றாவது லயத்தில் தங்கையாவின் பெயரைச் சொல்லி விசாரித்தால் சிலருக்குத் தெரியாது. இந்தியா ஆபீசர் என்றால் கைக்குழந்தைகூட அவன் குடியிருக்கிற காம்பராவைக் காட்டும். அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிடாதவள் அவனுடைய தங்கை பேச்சி ஒருத்திதான். நாலு காம்பரா தள்ளித்தான் குடியிருந்தாள். ஆனால் அவள் அவனோடு ஒரு வார்த்தை பேசி ஐந்து வருடம் ஆகியிருந்தது.

பெயர் வந்தது சிலோனில், பதுளைப் பக்கம் ஒரு தோட்டத்தில், அறுபத்தொன்பதாம் வருடத்து மாரியம்மன் திருவிழாவில். இரண்டு அரசாங்கங்களும் எங்கோ உட்கார்ந்து தோட்டத்து ஜனங்களைப் பங்கு பிரித்து முடித்திருந்தன. இந்தியாவுக்குப் போகிறாயா, சிலோனிலேயே இருக்கிறாயா என்று கேட்டு இரண்டு வித விண்ணப்பப் பாரம் சுற்றிக்கொண்டிருந்தது. லயத்தில் வேறு பேச்சே இல்லை. இப்படி ஒரு விஷயம் கையில் கிடைத்தால் தங்கையா விடுவானா? கணக்கப்பிள்ளையின் பழைய கோட்டை இரவல் வாங்கிப் போட்டுக்கொண்டு இந்தியா ஆபீசராக மேடையேறிவிட்டான். தலைக்கு ஒரு காணி நிலம், ஒரு பசு, பசுவைக் குளிப்பாட்ட ஒரு ஆள், அந்த ஆளுக்குத் தலை வார இன்னொரு ஆள் என்று அவன் வாரி வழங்க வழங்க, ஜனங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். இந்தியாவை அவன் படத்தில்கூடச் சரியாகப் பார்த்ததில்லை.

கூத்து முடிந்து திரைக்குப் பின்னால் இளவட்டங்கள் அவனைச் சூழ்ந்து நின்றபோது பேச்சியின் புருஷன் பொன்னுத்துரை வந்தான். ஸ்டோரில், அதாவது தேயிலை அரைக்கிற இடத்தில், நிரந்தர வேலைக்காரன். சிலோன் பாரத்தை நிரப்பிப் பெட்டிக்குள் வைத்திருந்தான். சாதாரணமாகக் கூத்துப் பக்கமே வராத மனுஷன்.

"மச்சான், சும்மா கேக்கல. ஸ்டோரு வேலய விட்டுட்டுப் போகலாமா? நெசமாவே அங்கிட்டுக் காணி குடுக்குறாங்களா?"

தங்கையா கோட்டைக் கழற்றியிருக்கவில்லை. சுற்றி நின்றவர்கள் ஆபீசர் என்ன சொல்வார் என்று வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, "என் ரெண்டு கண்ணால பாத்துட்டு வந்தேன் பொன்னுத்துரை. மை காயுறதுக்குள்ள காணி கைக்கு வரும்" என்றான். கொல்லென்று சிரிப்பு. பொன்னுத்துரையும் லேசாகச் சிரித்துவிட்டுத் தலையாட்டினான். அடுத்த வாரம் அவன் போட்டது இந்தியா பாரம்.

கப்பல் வர எழுபத்துநாலு ஆயிற்று. அதற்குள் தோட்டத்தில் பஞ்சம் வந்து, பாண் என்கிற ரொட்டிக்கும் மாவுக்கும் வரிசையில் நின்று செத்தவர்கள் போக மிச்சப்பட்டவர்கள் தலைமன்னாரில் ஏறி ராமேஸ்வரத்தில் இறங்கினார்கள். மண்டபம் முகாம். அங்கிருந்து லாரியில் நீலகிரி. காணி இல்லை, பசு இல்லை. தேவாலாவில் அட்டைக்கடியும் ஓயாத மழையும் இருந்தன. காட்டை வெட்டித் தேயிலை போடுகிற வேலை. ஸ்டோரில் மிஷின் பார்த்த கையில் கோடாலியைக் கொடுத்தார்கள். எழுபத்தாறு ஆடி மாதம், நனைந்த சரிவில் ஒரு மரம் தப்புத் திசையில் சாய்ந்தது. பொன்னுத்துரையைத் தூக்கிக்கொண்டு கூடலூர் ஆஸ்பத்திரிக்கு ஓடினார்கள். பாதி வழியில் திரும்பிவிட்டார்கள்.

அன்றோடு பேச்சி அண்ணனிடம் பேசுவதை விட்டாள். திட்டவில்லை, மண்ணை வாரித் தூற்றவில்லை. கொழுந்துக் கூடையோடு எதிரே வந்தால் ஒதுங்கி வழி விடுவாள். அவள் நாலு அறை அறைந்திருந்தால் தங்கையா பிழைத்திருப்பான். "அங்கயே இருந்திருந்தா மட்டும் என்னவாம், எழுபத்தேழு கலவரத்துல போயிருப்பாரு" என்று சிலர் தேற்றினார்கள். அந்தக் கணக்கு அவனுக்கு ஆறுதலாக இல்லை.

லயத்தில் கால் தரிக்கவில்லை. டூரிங் டாக்கீஸ் ஜீப்பில் மைக் பிடித்துக் கூடலூரிலிருந்து தேவர்சோலை வரை படத்துக்கு ஆள் கூப்பிட்டான். குன்னூரில் கோயம்புத்தூர்க் கடைக்காரர்கள் நடத்திய நாடகக் குழுவில் சேர்ந்தான். எந்த நாடகமானாலும் வேலைக்காரன் வேஷம். ஒருமுறை வெலிங்டனில் பட்டாளத்துக்காரர்கள் முன்னால் நடிக்க வேண்டியிருந்தது. தமிழ் தெரியாத கூட்டம். தங்கையா வசனத்தை மூட்டை கட்டிவிட்டு நாற்காலியிலிருந்து பதினொரு தரம் விழுந்தான். அவர்கள் சிரித்தார்கள். முதுகு மூன்று வாரம் வலித்தது.

கோடம்பாக்கத்திலும் ஒரு படம் கிடைத்தது. ஒரே காட்சி. பணக்கார வீட்டுக்கு வந்து சேர்ந்த சிலோன் வேலைக்காரன், காப்பிக்குப் பாண் கேட்டு அடி வாங்கவேண்டும். படம் கூடலூருக்கு வந்தபோது லயமே லாரி பிடித்துப் போயிற்று. கொட்டகையில் மற்ற எல்லோரும் சிரித்தார்கள், லயத்து ஜனங்களைத் தவிர. திரும்பி வரும்போது, கூட வேலை பார்த்த சகாயம், "நம்மளயே வித்துட்டு வந்துட்டியேப்பா" என்றான். பேச்சி லாரியின் ஓரத்தில் மகனை மடியில் வைத்துக்கொண்டு வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அப்போதுதான் சொந்தமாக ஒரு படம் எடுப்பது என்று முடிவு செய்தான். நடந்ததை நடந்தபடி எடுக்கவேண்டும், அந்தத் திரைக்குப் பின்னால் நடந்ததையும் சேர்த்து. பேச்சி அதைப் பார்க்கவேண்டும். பார்த்துவிட்டு, நல்லதோ கெட்டதோ, வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொல்லவேண்டும். அதற்கு மேல் அவனுக்கு ஆசை இல்லை.

குன்னூரில் ஸ்டுடியோ வைத்திருந்த குமாரசாமியிடம், ஊரைக் காலி செய்துகொண்டு போன வெள்ளைக்காரன் விட்டுச்சென்ற சின்ன சினிமாக் கேமராவும் படம் ஓட்டுகிற மிஷினும் இருந்தன. தங்கையா அவருக்குக் கல்யாண வீடுகளில் லைட் பிடித்தான், கூலிக்குப் பதிலாக ஃபிலிம் சுருள் கேட்டான். ஒரு சுருள் மூன்று நிமிடம்தான் ஓடும். ஆறு சுருள் சேர இரண்டு வருடம் ஆயிற்று.

"ஏனுங்க தங்கையா, இதுல பேச்சு வராதுங்க. ஊமைப் படமுங்க" என்றார் குமாரசாமி.

"பேச்சு எங்கிட்ட இருக்குங்க. படம் ஓடுறப்ப பின்னால நின்னு நானே பேசிக்கிறேன்."

லயத்து ஜனங்களே நடித்தார்கள். கப்பல் வரிசையை நீரோடைக் கரையில் எடுத்தான். பொன்னுத்துரையாகச் சகாயம் நின்றான். பேச்சியையும் நடிக்கக் கூப்பிட்டு ஆள் அனுப்பினான். அவள் வரவில்லை.

எண்பத்தொன்றில் ஒரு ஞாயிற்றுக்கிழமைப் பகல், கொழுந்து நிறுக்கும் கொட்டகையில் குமாரசாமியின் மிஷினை வைத்துப் படம் போட்டார்கள். வேலைக்குப் போகும்போது பெண்கள் இடுப்பில் சுற்றிக்கொள்கிற படங்குச் சாக்குகளை ஆளுக்கொன்றாகக் கொண்டுவந்து ஜன்னல்களில் தொங்கவிட்டு இருட்டாக்கினார்கள். பேச்சியும் தன் படங்கைக் கொண்டுவந்து கடைசி ஜன்னலில் கட்டிவிட்டு அதன் கீழேயே உட்கார்ந்தாள். அதைப் பார்த்ததும் தங்கையா திரையாகக் கட்டியிருந்த வேட்டிக்குப் பின்னால் போய் நின்றுகொண்டான்.

படம் ஓடியது. அவன் எல்லாக் குரலும் பேசினான். தங்கள் மூஞ்சியையே வேட்டியில் பார்த்த ஜனங்கள் சிரித்து உருண்டார்கள். ஆபீசர் பசு கொடுத்தார், கொட்டகை அதிர்ந்தது. பிறகு சகாயம் வந்து நின்று வாயசைத்தான். தங்கையா பொன்னுத்துரையின் குரலில் கேட்டான். ஆபீசரின் குரலில் பதில் சொன்னான். அதோடு தன் சொந்தக் குரலுக்கு வந்தான்.

"இது பொய். அப்ப நான் இந்தியாவக் கண்ணால பாத்ததே இல்ல. எம் மச்சான் நெசமாத்தான் கேட்டாரு. நாந்தான் பொய் சொல்லி அவர இங்க கூட்டியாந்தேன்."

கொட்டகை வெடித்துச் சிரித்தது. ஆபீசர் தன்னைத்தானே காட்டிக்கொடுக்கிறார் என்று நினைத்துக்கொண்டார்கள். அவன் மறுபடி சொன்னான். அழுகிற மாதிரியே பேசுகிறானே என்று கைதட்டினார்கள். சுருள் முடிந்து வெள்ளை வெளிச்சம் விழுந்தது.

தேநீருக்காக ஜனங்கள் வெளியே போனபோது பேச்சி வேட்டியை விலக்கிக்கொண்டு உள்ளே வந்தாள்.

"அண்ணே, அவரு நெசமா கேட்டாருன்னு ஒங்களுக்கு எப்பத் தெரியும்? அப்பவேயா, பின்னாடியா?"

ஐந்து வருடம் காத்திருந்த குரல். பின்னாடி என்று அவன் சொல்லவேண்டும் என்று அவள் முகம் கெஞ்சிக்கொண்டிருந்தது. அந்த ஒரு சொல் போதும், தங்கை திரும்பக் கிடைத்துவிடுவாள். எந்தச் சொல்லுக்கு யார் என்ன ஆவார்கள் என்று அறிந்தவன்தான் அவன். இருந்தும் இன்னொரு பொய் சொல்ல மனம் வரவில்லை.

"அப்பவே" என்றான். "மூஞ்சியப் பாத்தேன் பேச்சி. பாத்துட்டுத்தான் சொன்னேன்."

"நீங்க வெளையாட்டுன்னு நெனச்சுச் சொல்லியிருப்பீங்கன்னு இத்தன வருஷமா எனக்கு நானே சொல்லிக்கிட்டு இருந்தேன். அத வச்சுத்தான் ஒங்க மூஞ்சியில முழிச்சேன்" என்றாள்.

கடைசி ஜன்னலில் கட்டியிருந்த தன் படங்கை அவிழ்த்து மடித்து எடுத்துக்கொண்டு போனாள். அந்த மாதமே கோத்தகிரிப் பக்கம் மாற்றல் வாங்கிக்கொண்டு மகனோடு போய்விட்டாள். பிறகு அவர்கள் பார்த்துக்கொள்ளவில்லை.

அன்று ஜனங்கள் தேநீர் குடித்துவிட்டுக் கொட்டகைக்குத் திரும்பி வந்தார்கள். இன்னொரு தரம் ஓட்டச் சொன்னார்கள். குமாரசாமி சுருளைத் திரும்பச் சுற்றினார்.

"ஆபீசரு, அந்தப் பொய்னு சொல்லி அழுவுற எடத்த மட்டும் விட்டுராதீங்க" என்று சகாயம் முன்வரிசையிலிருந்து கேட்டான்.

தங்கையா விடவில்லை. முதல் தடவையை விட அதிகமாகச் சிரித்தார்கள்.