வெட்டக் கூடாத கத்தி

அந்தக் கத்தியால் நான் வெள்ளரிக்காய் நறுக்கியதில்தான் விஷயம் வெளியே வந்தது.

கறுப்புப் பிடி போட்ட கத்தி. பூஜை அலமாரியின் கீழ் டிராயரில், கற்பூர டப்பாவுக்கும் திரிக்கட்டுக்கும் நடுவில், பட்டுத் துணியில் சுற்றிக் கிடந்தது. தீப்பெட்டி தேடிப் போனவன் கையில் சிக்கியது. சுத்தமாக மழுங்கியிருந்தது. நான் பொறுப்பான குடும்பத் தலைவன். காபிக் கோப்பையைக் கவிழ்த்து, அதன் அடியில் இருபது இழுப்பு இழுத்துக் கூர் ஏற்றினேன். நறுக்கிய வெள்ளரிக்காயில் மிளகாய்த்தூள் தூவி, சோபாவில் உட்கார்ந்து தின்றுகொண்டிருந்தபோது மனைவி வேலையிலிருந்து வந்தாள். தட்டைப் பார்த்தாள். கத்தியைப் பார்த்தாள்.

"அது எதையும் வெட்டக் கூடாத கத்திங்க," என்றாள்.

அப்படி ஒரு கத்தியை எந்தக் கடையில் விற்கிறார்கள் என்று கேட்டேன். அவள் சிரிக்கவில்லை. எதிரே உட்கார்ந்து, லேப் ரிப்போர்ட் வாசிக்கிற குரலில் சொன்னாள். இரண்டு வருஷமாக ஒரு குழுவில் இருக்கிறாளாம். கிறிஸ்தவம் வருவதற்கு முன்னால் ஐரோப்பாவில் இருந்த சாமிகளையும் பருவங்களையும் இந்தக் காலத்தில் திரும்பக் கும்பிடுகிறவர்கள். பேகன் என்பார்களாம், விக்கா என்பார்களாம். பௌர்ணமிதோறும் கூடுவார்கள். பருவம் மாறுகிற நாட்களில் பெரிய வழிபாடு. கத்தி, கும்பிடுகிற இடத்தைச் சுற்றிக் காற்றில் வட்டம் போடுவதற்கு. அங்கே பலர் தங்களை விட்ச் என்றுதான் சொல்லிக்கொள்வார்கள்.

"நானும்தான்," என்று முடித்தாள்.

பௌர்ணமி சாயங்காலங்களில் அவள் யோகா வகுப்புக்குப் போகிறாள் என்று நானாகவே நினைத்துக்கொண்டிருந்தேன். மான்மவுத் ஜங்ஷனில் ஒரு டவுன்ஹவுஸ், இரண்டு கார், காலேஜுக்குப் போய்விட்ட ஒரு மகள், பதினோரு வருஷம் காத்திருந்து வாங்கிய கிரீன் கார்டு. இந்த வரிசையில் சூனியக்காரி எந்த இடத்தில் நுழைந்தாள் என்று எனக்குப் பிடிபடவில்லை.

மறுநாள் ஆபீஸ் மீட்டிங்கில் கேமராவை அணைத்துவிட்டு விக்காவைப் பற்றிப் படித்தேன். இவர்கள் பிசாசை நம்புவதே இல்லை, யாருக்கும் தீங்கு செய்யாதே என்பதுதான் பெரிய விதி என்று போட்டிருந்தது. ஆனால் பயம் எதையும் படித்துத் தெரிந்துகொள்கிற ஜாதி இல்லை. என் முன்வழுக்கை சரியாக இரண்டு வருஷமாகத்தான் வேகம் பிடித்திருந்தது. முட்டிவலியும் அப்போது வந்ததுதான். ப்ரமோஷன் கைநழுவியதும் அந்த வருஷம்தான். எல்லாம் பொருந்தி வந்தது. அன்று ரசத்தில் மிதந்த ஓர் இலையை வெளியே எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். கறிவேப்பிலை. ஈரோட்டில் இருக்கும் அக்காவைக் கூப்பிட்டு, "பொதுவா ஒரு பாதுகாப்புக்கு" ஏதாவது கிடைக்குமா என்று விசாரித்தேன். பத்தாவது நாள் கூரியரில் மந்திரித்த கறுப்புக் கயிறு வந்தது. முப்பது வருஷமாக அக்காவின் கயிறுகளைச் சபை நடுவில் கிண்டலடித்தவன், குளியலறைக் கதவைப் பூட்டிக்கொண்டு அதை இடுப்பில் கட்டிக்கொண்டேன்.

ஏன் இரண்டு வருஷமாகச் சொல்லவில்லை என்று ஒரு காலையில் கேட்டேன். அவள் லஞ்ச் டப்பாவை மூடிக்கொண்டிருந்தாள்.

"பயந்துக்கிட்டு சொல்லலேன்னு நினைக்காதீங்க. நீங்க சிரிப்பீங்க. அப்புறம் எல்லாரையும் சிரிக்க வைப்பீங்க."

நானா என்று கேட்டேன். அடுத்த சனிக்கிழமையே நிரூபித்துக் காட்டினேன்.

ஒரு நண்பர் வீட்டில் பாட்லக், ஆளுக்கொரு பதார்த்தம் கொண்டுபோகிற விருந்து. வட்டமாக உட்கார்ந்து தட்டைக் கையில் வைத்திருந்தவர்கள் என் முகத்தைப் பார்த்தார்கள். எங்கே போனாலும் என் முகத்தை அப்படித்தான் பார்ப்பார்கள்; ஏதாவது வரும் என்று. வந்தது. எங்கள் வீட்டில் வாக்யூம் கிளீனர் ரிப்பேர், புதுசு வேண்டாம், துடைப்பமே போதும் என்கிறாள் மனைவி, ஆபீசுக்கும் அதில்தான் போய் வருகிறாள், டோல் கட்ட வேண்டியதில்லை என்று ஆரம்பித்தேன். ஒருவருக்கும் புரியவில்லை. புரிய வைத்தேன். கத்தி, பௌர்ணமி, துடைப்பத்தில் பறக்கிற விட்ச் எல்லாவற்றையும் வரிசையாக எடுத்துவிட்டேன். மதுரைக்காரர் ஒருவருக்குச் சிரித்துச் சிரித்துப் புரை ஏறியது. நிமிர்ந்து பார்த்தேன். கிச்சன் கவுண்டர் ஓரத்தில், எலுமிச்சை சாதத் தட்டின் மூடியைக் கையில் பிடித்தபடி அவள் நின்றிருந்தாள்.

கோபப்பட்டிருந்தால் சமாளித்திருப்பேன், அதில் எனக்கு இருபத்துமூன்று வருஷப் பயிற்சி. அவள் மரியாதையாகிவிட்டாள். பட்டுத் துணியும் கத்தியும் டிராயரிலிருந்து எங்கேயோ போயின. சாப்பிட்டீர்களா என்று கேட்டாள். எதற்கும் சரிங்க என்றாள். நான் ஜோக் அடித்தால், எச்.ஆரில் இருப்பவர்கள் சிரிப்பார்களே, அந்த அளவுக்கு அளந்து சிரித்தாள். இனி இவள் என்னிடம் எதையும் சொல்லப்போவதில்லை என்று புரிந்தது. உட்கார முடியவில்லை. கராஜை ஒரே வாரத்தில் இரண்டு முறை அடுக்கினேன். சூனியத்தைப் பற்றிய பயம் எப்போது போனது என்றே தெரியவில்லை. இந்தப் புதுப் பயத்துக்கு ஈரோட்டில் கயிறு கிடையாது.

மூன்று வாரம் அப்படி ஓடியது. செப்டம்பர் கடைசியில், பகலும் இரவும் சமமாகும் நாளை ஒட்டிய ஞாயிறு, மதியம் அவர்களுக்கு வழிபாடு. அவள் கார் பேட்டரி செத்துப்போயிருந்தது. போனில் டாக்சி தேடிக்கொண்டிருந்தவள் முன்னால் என் சாவியோடு போய் நின்றேன்.

"கார்லயே இருக்கணும்," என்றாள். சத்தியம் என்றேன்.

கவுண்டியின் பொதுப் பூங்காவில், பர்த்டே பார்ட்டிக்கு எல்லாரும் எடுக்கிற பிக்னிக் கொட்டகைதான். கறுப்பு அங்கிகளை எதிர்பார்த்திருந்தேன். கையில் பச்சை குத்திய ஒரு பிளம்பர், மடக்கு நாற்காலிகள், ஐஸ் பெட்டி, பேன்ட் சட்டையில் பத்துப் பன்னிரண்டு பேர். எல்லாரையும் நடத்தியவர் ரிட்டயரான ஒரு பள்ளி நர்ஸ். மேஜையில் ஆப்பிள், மக்காச்சோளம், பூசணி, விளக்கு. வருஷா வருஷம் லேப்டாப்புக்குச் சந்தனம் குங்குமம் வைக்கிற நான் அதில் என்ன குறை சொல்ல? மனைவி தலையில் மேப்பிள் இலை வளையம். அவள் வாய்விட்டுப் பாடிக்கொண்டிருந்தாள். குளியலறையில்கூட அவள் பாடி நான் கேட்டதில்லை.

பதினைந்து நிமிஷம் சத்தியத்தைக் காப்பாற்றினேன். பிறகு கால் மரத்துவிட்டது என்று எனக்கே சொல்லிக்கொண்டு இறங்கினேன். மரத்துப்போன கால் கொட்டகைப் பக்கமாகவே நடந்தது. நர்ஸம்மா என்னைப் பார்த்துவிட்டார். கையிலிருந்த குச்சியால் காற்றில் ஒரு கதவு வரைந்து, திறந்து, உள்ளே வா என்று தலையசைத்தார். எதிரே விளக்கு, பழம். என் கால் தானாகச் செருப்பைக் கழற்றியது. ஒருவர் ஒரு கிண்ணத்தில் தண்ணீரோடு வந்தார். நான் இடது கையின் மேல் வலது கையைக் குழித்து நீட்டினேன். அவர் தயங்கி, கொஞ்சம் ஊற்றினார். குடித்தேன். மிச்சத்தைத் தலையில் தடவிக்கொண்டேன்.

உப்புக் கரித்தது. இடத்தைச் சுத்தப்படுத்தத் தெளிக்கிற உப்புத் தண்ணீராம் அது. அப்போது யாரும் சொல்லவில்லை. எனக்குப் பக்கத்தில் அன்றுதான் முதல் முறையாக வந்திருந்த ஒரு பெண் இதுதான் முறை என்று நினைத்து என்னைப் போலவே கையைக் குழித்தாள். அவளைப் பார்த்து பிளம்பர். கிண்ணம் வட்டம் முழுக்கச் சுற்றி வந்தது. என் மனைவியின் முறை வந்தபோது, மூன்று வாரத்துக்குப் பிறகு முதல் தடவையாக என்னை நேராகப் பார்த்தாள். பிறகு அவளும் கையைக் குழித்துக் குடித்து, முகத்தைச் சுளித்தாள்.

அப்போதுதான் பக்கத்துக் கொட்டகையைக் கவனித்தேன். பலூன், வடை வாசம், நம் ஆட்கள். அங்கிருந்து காகிதத் தட்டோடு வந்துகொண்டிருந்தவர் பாட்லக்கில் புரை ஏறிய அதே மதுரைக்காரர். பின்னால் இன்னும் இரண்டு பேர், போனைத் தூக்கிப் பிடித்தபடி.

"என்னண்ணே, இதானா அது? அண்ணி தலையில என்ன, கிரீடமா?"

நாக்கில் நாலு ஜோக் வந்து நின்றன. அதில் ஒன்று முதல் தரம். இன்றைக்கும் அதை நினைத்தால் வயிறு எரிகிறது. மேஜையில் ஆப்பிளை அடுக்கிக்கொண்டிருந்த அவள் கை அப்படியே நின்றது. தலை நிமிரவில்லை.

"பூஜை நடக்குது," என்றேன். "என் வொய்ஃபோட பூஜை. போனை உள்ள வைங்க."

அவர் அடுத்த வரிக்காகக் காத்திருந்தார். சிரிப்பதற்கு வாயைப் பாதி திறந்தும் வைத்திருந்தார். அடுத்த வரி வரவில்லை. வடையை ஒரு கடி கடித்து, "சரிண்ணே, அங்க கேக் வெட்டப்போறாங்க," என்று திரும்பினார். போன்கள் பைக்குள் போயின. திங்கட்கிழமைக்குள் இந்தக் கதை நம் ஆட்கள் நிறைந்த எடிசன் ஊர் வரைக்கும் போய்விடும் என்று தெரியும். அந்த ஜோக் வெளியே வந்துவிடாதபடி நான் கையால் வாயைப் பொத்தி நின்றதை வட்டத்தில் இருந்தவர்கள் பக்தி என்று எடுத்துக்கொண்டிருக்கலாம்.

திரும்பும்போது ரூட் ஒன் நெடுஞ்சாலையில் நெரிசல். அவள் இலை வளையத்தை மடியில் வைத்திருந்தாள். ஸ்டியரிங்கில் தாளம் போட்ட விரலை நானே அடக்கிக்கொண்டேன்.

"கோவிலுக்குப் போனா உங்களுக்குக் கேக்கறேன், பாப்பாவுக்குக் கேக்கறேன்," என்றாள் வெளியே பார்த்தபடி. "இங்க முதல் நாளே, உனக்கு என்ன வேணும்னு கேட்டாங்க. எனக்குச் சொல்லத் தெரியல. ரொம்ப மாசம் தெரியல."

"இப்ப?"

"மே மாசம் பென்சில்வேனியாவுல ஒரு கேம்ப் இருக்கு. காட்டுக்குள்ள, ஒரு வாரம். நான் தனியா போகணும்."

அந்தக் காட்டில் கரடி இருக்கும், பாவம் கரடி என்று உதடு வரை வந்துவிட்டது. வாயை மூடிக்கொண்டேன். அவள் என்னிடம் அனுமதி கேட்கவில்லை. ஆனால் வேறு யாரிடமும் சொல்வதற்கு முன்னால் என்னிடம் சொல்லியிருக்கிறாள்.

"டென்ட் இருக்கா?" என்றேன்.

"வாங்கணும்."

"மழைக்குத் தாங்கறதா பாத்து வாங்கு."

அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். இன்னும் ஏதாவது வருமா என்று காத்திருந்த பார்வை. வராததால், அந்தக் காட்டுக்கு எப்படிப் போவது, குழுவிலிருந்து யார் யார் வருகிறார்கள், அங்கே போன் எடுக்குமா என்று அவளே ஒவ்வொன்றாகச் சொல்ல ஆரம்பித்தாள். போன் எடுக்காதாம்.

மே மாதத்துக்கு இன்னும் ஏழு மாதம் இருக்கிறது. போன் எடுக்காத அந்த ஒரு வாரத்துக்காக நான் இப்போதே ஹாலுக்கும் வாசலுக்கும் நடக்க ஆரம்பித்துவிட்டேன்.