சிக்னலுக்குத் தெரியாத வண்டி

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் என்று என் மனைவி சொல்வாள். நான் அதை மறுத்ததில்லை. ஆனால் யுத்த காலத்துக் கொழும்பில், நாலு சில்லு வைத்த ஒரு மரச்சட்டத்தில் குந்திக்கொண்டு கடலோரத் தண்டவாளத்தைப் பரிசோதிக்கப் போகும் தமிழனுக்குக் கோபம் வராவிட்டால்தான் ஆளை வைத்தியரிடம் காட்ட வேண்டும்.

நான் ரயில் பாதைப் பரிசோதகராக இருந்தேன். எந்த இடத்தில் ஆணி தளர்ந்திருக்கிறது, எந்தக் கட்டை உக்கியிருக்கிறது, எங்கே கடல் அரித்துக் கல்லைக் கொண்டுபோயிருக்கிறது என்று பார்த்து எழுதுவது என் வேலை. அதற்கு ஒரு ட்ரொலி தந்திருந்தார்கள். எஞ்சின் கிடையாது. மரச்சட்டம், இரும்புச் சில்லுகள், இரண்டு பேர் நெருங்கி இருக்கக்கூடிய ஒரு வாங்கு, கைப் பிரேக், கம்பில் கட்டிய சிவப்புக் கொடி, அவ்வளவுதான். மூன்று பேர் பின்னாலிருந்து தள்ளுவார்கள். தரையில் நின்று அல்ல, வெறுங்காலோடு தண்டவாளத்தின் மேலேயே ஓடித் தள்ளுவார்கள். ஒரு கை அகலமும் இல்லாத இரும்பில், முதல்நாள் கிரிக்கெட்டைப் பற்றிக் கதைத்துக்கொண்டே ஓடுவார்கள். வேகம் பிடித்ததும் பின்சட்டத்தில் தாவி ஏறிக்கொள்வார்கள். ரயில் வருகிறது என்றால் நான் உட்பட நாலு பேரும் நாலு மூலையைப் பிடித்து வண்டியைத் தூக்கி ஓரத்தில் வைப்போம். ஒரு நாளைக்கு அப்படிப் பத்துத் தடவையாவது தூக்குவோம்.

இந்த வண்டியைப் பற்றி வெளியாருக்குத் தெரியாத ஒரு விஷயம் உண்டு. கொழும்புப் பகுதித் தண்டவாளத்தில் மெல்லிய மின்சாரம் ஓடும். ரயில் வந்தால் அதன் சில்லும் அச்சும் இரண்டு தண்டவாளங்களையும் இணைத்துவிடும். உடனே பின்னாலிருக்கும் சிக்னல் சிவப்பாகும், கட்டுப்பாட்டு அறைப் பலகையிலும் ஒரு சிவப்பு விளக்கு எரியும். எங்கள் ட்ரொலிக்கு அப்படி நடக்காது. சில்லுக்கும் அச்சுக்கும் நடுவில் மின்சாரம் கடக்காத ஃபைபர் வளையம் போட்டிருப்பார்கள். எங்கள் உயிரைக் காப்பதற்காக அல்ல, எங்களால் அலுவலக ரயில் பிந்தக் கூடாது என்பதற்காக. நாங்கள் தண்டவாளத்தில் இருந்தாலும் பின்னால் சிக்னல் பச்சையாகவே இருக்கும். எங்களுக்கு எங்கள் கண்ணும் காதும்தான் துணை.

சிக்னலுக்கு நாங்கள் தெரியமாட்டோம். சோதனைச் சாவடிக்கு மட்டும் அரை மைலுக்கு அப்பாலேயே தெரிந்துவிடுவோம்.

வெள்ளவத்தைக் கால்வாய் கடலில் விழும் இடத்தில் ரயில் பாலம் இருக்கிறது. அந்தக் காலத்தில் அதன் இரண்டு பக்கமும் மணல் மூட்டையும் காவலும். என்னிடம் மூன்று மொழியிலும் எழுதி, முத்திரை குத்தி, பிளாஸ்டிக் உறை போட்ட அனுமதிக் கடிதம் இருந்தது. பிரயோசனம் என்ன? இரண்டு கிழமைக்கு ஒரு முறை காவலுக்கு ஆள் மாறும். ஒவ்வொரு புது ஆளுக்கும் அரிவரியிலிருந்து தொடங்க வேண்டும். ஒருவன் ட்ரொலியின் நம்பர் பிளேட் எங்கே என்று கேட்டான். இன்னொருவன் சாரதி அனுமதிப்பத்திரம் கேட்டான். இதற்குச் சாரதி கிடையாது, தள்ளுகிற ஆட்கள்தான் என்றதும், அப்படியென்றால் நீ எதற்கு மேலே இருக்கிறாய் என்றான். அந்தக் கேள்வி மட்டும் கொஞ்சம் நியாயமாகத்தான் இருந்தது.

என்னோடு ஓடிய மூவரும் சிங்களவர்கள். அவர்களின் அட்டையைப் பார்த்துவிட்டு உடனே திருப்பிக் கொடுப்பார்கள். என் அட்டைதான் ஒரு கையிலிருந்து மறு கைக்குப் போய், ஆராயப்பட்டு, யாரோ ஒருவருக்கு வோக்கி டோக்கியில் வாசிக்கப்பட்டு, அரை மணித்தியாலம் கழித்துத் திரும்பி வரும். பிறந்த இடம் என்ற வரியில் யாழ்ப்பாணம் என்று இருந்தால் அப்படித்தான். நான் வாயை அடக்கிக்கொண்டிருந்தால் எல்லாம் சுமுகமாகப் போயிருக்கும் என்று இப்போது சொல்லலாம். இரண்டு தடவை என்னால் அடக்க முடியவில்லை. இரண்டு முறைப்பாடுகள் போயின.

என் மேலதிகாரி கொட்டாஞ்சேனையில் பிறந்து வளர்ந்த கத்தோலிக்கத் தமிழர். சிங்களமும் ஆங்கிலமும் அவருக்குத் தண்ணீர் பட்ட பாடு. அறைக் கதவைச் சாத்திவிட்டுத்தான் என்னோடு தமிழில் கதைப்பார். இரண்டாவது முறைப்பாடு வந்த அன்று கூப்பிட்டார்.

"தம்பி, இன்னொண்டு வந்தா ஒங்கள லைன்ல இருந்து எடுத்து தெமட்டகொடை ஸ்டோர்ஸுக்குப் போடச் சொல்லுவாங்க. என்னால தடுக்க ஏலாது. கொஞ்சம் அடக்கி வாசிங்க."

ஸ்டோர்ஸ் என்றால் ஆணியும் பெயின்டும் வைத்திருக்கும் ஒரு தகரக் கொட்டகை. மேசை, நாற்காலி, ஒரு மின்விசிறி. வேறு யாராவது என்றால் சந்தோஷமாகப் போயிருப்பார்கள். எனக்குப் பாதை வேலை பிடித்திருந்தது. வெளிப்படையாகவே சொல்கிறேன், உயிராக இருந்தது. வீட்டில் பொலிஸ் பதிவு, ஒழுங்கையில் சுற்றிவளைப்பு, பஸ்ஸில் சோதனை. அந்த மர வாங்கில் கடல் காற்றுப் படக் குந்தியிருக்கும் நேரத்தில் மட்டும், இந்தப் பாதைக்கு நான் பொறுப்பு, நான் சொன்னால் ரயில் மெதுவாகப் போகும் என்ற எண்ணம் இருந்தது. அதை விட எனக்கு மனமில்லை. ஆகவே அடக்கி வாசித்தேன். நாலு மாதம் ஊமை மாதிரி இருந்தேன்.

பிறகு அந்த நாள் வந்தது. கச்சான் காற்று வீசும் காலம், கடல் பாறைகளில் ஏறி அடித்துக்கொண்டிருந்தது. பாலத்தருகே அரிப்பு எப்படி இருக்கிறது என்று பார்த்துவிட்டு வர வேண்டும், ஒரு மைல்கூட இல்லை. விதிப்படி ட்ரொலியைத் தண்டவாளத்தில் வைப்பதற்கு முன்னர் நிலைய அதிபருக்கு ஒரு குறிப்பு எழுதிக் கொடுத்து, அவருடைய கையொப்பத்தோடு ஒரு பிரதியைச் சட்டைப்பையில் வைத்துக்கொள்ள வேண்டும். தூரப் பயணத்துக்கு எழுதுவோம். கிட்ட என்றால் ஜன்னலில் தலையை நீட்டி, "சேர், பாலம் மட்டும் போட்டு வாறம்" என்று ஒரு சத்தம் போட்டுவிட்டுப் போவோம். அவரும் தலையை ஆட்டுவார். எல்லாப் பரிசோதகர்களும் அப்படித்தான் செய்தார்கள். அன்று நானும் அப்படித்தான் செய்தேன். அது என் பிழை, அதை யார் தலையிலும் கட்டப் போவதில்லை.

பாலத்துக்குக் கிட்டே போனதும் ஒரு புது ஆள் தண்டவாளத்தின் நடுவில் வந்து நின்று கையைக் காட்டினான். நிறுத்தினோம். ட்ரொலியைத் தூக்கி ஓரத்தில் வைக்கப் போனோம். "ஹெலவென்ன எபா!" என்று கத்தினான். அசையக் கூடாதாம். வண்டி அப்படியே தண்டவாளத்தில் நிற்க வேண்டும், நாங்கள் கையைத் தூக்கிக்கொண்டு பக்கத்தில் நிற்க வேண்டும். அடையாள அட்டையை வாங்கிக்கொண்டு என் பெயரை எழுத்துக் கூட்டி வாசிக்கத் தொடங்கினான்.

நான் எனக்குத் தெரிந்த மிக மரியாதையான சிங்களத்தில், தம்பி என்ற பொருளில் மல்லி என்று கூப்பிட்டுச் சொன்னேன். மல்லி, இது ரயில் வரும் பாதை, வண்டியை ஓரத்தில் வைத்துவிட்டு எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் சோதியுங்கள். அவன் எங்களுக்குப் பின்னாலிருந்த சிக்னலைப் பார்த்தான். வண்டி இங்கே நிற்கும்போது ரயில் எப்படி வரும், சிக்னல் விடாதே என்றான். விடும் மல்லி, இந்த வண்டி அதற்குத் தெரியாது என்றேன். அவன் என்னைப் பார்த்த பார்வையில், நான் அவனைப் பேயனாக்கப் பார்க்கிறேன் என்று முடிவு கட்டிவிட்டது தெரிந்தது.

தள்ளுகிறவர்களில் மூத்தவர் ஒரு காலைத் தண்டவாளத்தில் வைத்தபடி கையைத் தூக்கிக்கொண்டு நின்றார். இருபது வருஷம் அந்த இரும்பில் ஓடிய கால். அலைச் சத்தத்தில் காதுக்கு ஒன்றும் கேட்கவில்லை. அவருடைய முகம் மாறியது.

"மாத்தயா, கோச்சிய எனவா."

ஐயா, ரயில் வருகிறது என்றார். நான் திரும்பிப் பார்த்தேன், வளைவுக்கு அப்பால் ஒன்றும் தெரியவில்லை. சிப்பாய் இன்னும் என் அட்டையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். தூக்கினால் மூன்றாவது முறைப்பாடு, தெமட்டகொடை, என் பாதை போய்விடும். இதையெல்லாம் நிதானமாக யோசித்தேன் என்று சொன்னால் பொய். ஒரு கணம் தயங்கினேன், அது மட்டும் உண்மை. பிறகு "உஸ்ஸன்ட!" என்று கத்தினேன். தூக்கு என்ற அந்த ஒரு சொல்லுக்காகவே அவர்கள் காத்திருந்தது போல நாலு பேருடைய கைகளும் ஒன்றாக இறங்கின. வைக்க நேரமில்லை. கடல் பக்கப் பாறைகளில் வண்டியை எறிந்தோம். சிப்பாய் துவக்கை நீட்டிக் கத்தினான், கத்திக்கொண்டே பின்னால் பாய்ந்தான். வளைவில் ரயிலின் மூக்கு வந்துவிட்டது. என் சட்டை காற்றில் அடிக்கும் அளவுக்குக் கிட்ட ஓடிப்போனது. மிதிபலகையில் தொங்கிக்கொண்டு வந்த ஆட்கள் எங்களைப் பார்த்துச் சிரித்தது இன்னும் ஞாபகம் இருக்கிறது.

அவனுடைய உயிரும் சேர்த்துத்தான் தப்பியது. ஆனால் பயந்த மனிதனுக்குத் தன் பயத்தைப் பார்த்தவன் மேல்தான் ஆத்திரம் வரும் போலிருக்கிறது. அன்று பின்னேரம் முழுவதும் என்னைப் பொலிஸில் ஒரு வாங்கில் இருத்தி வைத்திருந்தார்கள். வீட்டுக்கு வந்ததும் மனைவி கேட்டாள்.

"நீங்கள் அவனோட என்னத்தைக் கதைச்சனீங்கள்?"

"ஒண்டும் கதைக்கேல்லை. ரெயின் வருகுது எண்டு தூக்கினனான்."

"ஸ்டேஷன் மாஸ்டருக்குக் குறிப்பு எழுதிக் குடுத்திட்டுத்தானே போனனீங்கள்?"

என் கை வெறும் சட்டைப்பையைத் தடவியது. அவள் விளங்கிக்கொண்டு குசினிக்குள் போய்விட்டாள்.

விசாரணை பத்து நாளில் நடந்தது. பாதுகாப்புத் தரப்பிலிருந்து ஓர் அதிகாரி, எங்கள் பக்கத்தில் என் மேலதிகாரி, எழுதுவதற்கு ஒரு லிகிதர். சிப்பாயின் வாக்குமூலத்தை வாசித்தார்கள். ட்ரொலி முதலிலிருந்தே பாதை ஓரத்தில்தான் இருந்ததாம். ரயிலைச் சாட்டாக வைத்து நாங்கள் கட்டளையை மீறி, அதைக் கடல் பக்கம் எறிந்து அவனை அச்சுறுத்தினோமாம். வேறு எப்படிச் சொல்வான்? ரயிலுக்கு முன்னால் நாலு பேரையும் ஒரு வண்டியையும் மறித்து வைத்திருந்தேன் என்று எந்த மனிதன் தானாக எழுதிக் கொடுப்பான்? நிலைய அதிபர் தனக்கு ஒன்றும் ஞாபகம் இல்லை என்றார். பிறகு அந்த அதிகாரி கட்டுப்பாட்டு அறையின் அன்றைய பதிவை எடுத்து மேசையில் வைத்தார். ரயில் வருவதற்கு முந்திய நேரத்தில் பாலத்தருகே எந்த வண்டியும் இருந்ததாகப் பலகை காட்டவில்லை. சிக்னல் பச்சை.

"ஆகவே ட்ரொலி தண்டவாளத்தில் இருக்கவில்லை" என்றார்.

நான் சொன்னேன். ஃபைபர் வளையத்தைப் பற்றிச் சொன்னேன், பேனையை வாங்கிப் படம் கீறிக் காட்டினேன். சத்தம் கூடிவிட்டது என்று எனக்கே தெரிந்தது. தள்ளுகிறவர்களில் மூத்தவரைக் கூப்பிட்டார்கள். அவர் அழுத்தம் திருத்தமாகச் சொன்னார், வண்டி தண்டவாளத்தில்தான் நின்றது, ரயில் வருவது என் காலுக்குத் தெரிந்தது என்று. காலுக்கா என்று அதிகாரி சிரித்தார். லிகிதர் அதை எழுதவில்லை. கடைசியில் அதிகாரி என் மேலதிகாரியின் பக்கம் திரும்பி, உங்களுக்கு ஏதாவது சொல்ல இருக்கிறதா என்று கேட்டார்.

அவருக்குத் தெரியும். அந்த வளையங்களை மாதா மாதம் சோதிக்க வேண்டும் என்று எங்கள் உயிரை எடுத்தவரே அவர்தான். ஒரு வசனம் சொன்னால் போதும். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், மறுபடி போட்டுக்கொண்டார், ஒன்றும் இல்லை என்றார்.

வெளியே படிக்கட்டில் என்னைப் பிடித்தார். "தம்பி, கோவிக்காதீங்க. எனக்கும் பிள்ளகள் இருக்கு." எனக்கு அவரைக் கண்டபடி ஏச வேண்டும் போல இருந்தது. தமிழில் கதைத்தால் யாராவது கேட்டுவிடுவார்கள் என்று அவர் குரலைத் தாழ்த்தியிருந்தார். அதைக் கண்டதும் நான் படியிறங்கிப் போய்விட்டேன்.

தெமட்டகொடைக்குப் போனேன். மின்விசிறி வேலை செய்யவில்லை. மூன்றாவது கிழமை ஒரு கோரிக்கைப் படிவம் வந்தது. ட்ரொலிச் சில்லுக்கான ஃபைபர் வளையங்கள், எட்டு. கொண்டுவந்தவர் அதே மூத்தவர், செருப்புப் போட்டு வந்திருந்தார். எழுதியவர் என் மேலதிகாரி. தேவைக்கான காரணம் என்ற கட்டத்தில், அழகான ஆங்கிலக் கையெழுத்தில், இப்படி எழுதியிருந்தார்: 'பழைய வளையங்கள் தேய்ந்துள்ளன. தண்டவாளத்தில் ட்ரொலி இருப்பது சிக்னலுக்குத் தெரியாதிருக்க இவை அவசியம்.'

இரண்டு மூன்று முறை வாசித்தேன். அந்தக் காகிதத்தைக் கொண்டுபோய் யாருடைய மேசையில் அடிப்பது என்று யோசித்தேன். விசாரணை முடிந்து கோவை கட்டியாகிவிட்டது. வளையம் இல்லை என்று திருப்பி அனுப்பவும் யோசித்தேன். அனுப்பினால் அந்த ட்ரொலி தண்டவாளத்தில் ஏறும்போதெல்லாம் சிக்னல் சிவப்பாகும், ரயில் நிற்கும், பழி மேலதிகாரியின் தலையில் விழாது. தள்ளுகிறவர்களின் தலையில்தான் விழும்.

"மாத்தயா எப்போது திரும்பி வருவீர்கள்?" என்று மூத்தவர் சிங்களத்தில் கேட்டார். தெரியாது என்றேன். எட்டு வளையங்களையும் பத்திரிகைத் தாளில் சுற்றிக் கொடுத்தேன். பெற்றுக்கொண்டவர் என்ற இடத்தில் அவர் மெதுவாகத் தன் பெயரை எழுதினார். வழங்கியவர் என்ற இடத்தில் நான் எழுதினேன். விசாரணையில் ஒருவரும் எழுதிக்கொள்ளாத அந்த வசனத்தின் கீழ், மேலதிகாரியின் கையொப்பத்தோடு சேர்த்து, எங்கள் மூன்று பேருடைய கையொப்பமும் இருந்தது. படிவத்தைக் கம்பியில் குத்திவிட்டு அடுத்ததை எடுத்தேன்.