ஆட்ட ஆளில்லாத தூளி

போன வாரம் இதே பக்கத்தில் கொஞ்சம் அதிகமாகவே ஜம்பம் அடித்துக்கொண்டேன். 'என் எட்டு மாதக் குழந்தை, ஆட்ட ஆளில்லாமல் தூளியில் தானாகவே தூங்குகிறாள். ஐந்தே நாளில் பழக்கிவிட்டேன்!' என்று.

ஆத்தூரிலிருந்து ஒரு அம்மாள் உடனே கார்டு போட்டுவிட்டார். 'எப்படி என்று விவரமாக எழுதவும். ஆட்டி ஆட்டி என் கை வீங்கிவிட்டது.'

அந்தக் கார்டுக்குப் பதில் எழுத உட்கார்ந்த சனிக்கிழமை காலையில்தான் என் தலையில் இடி விழுந்தது!

புதிதாகப் படிப்பவர்களுக்குக் கொஞ்சம் முன்கதை. நான் ராசிபுரத்தில் ஒரு பெண்கள் பள்ளிக்கூடத்தில் டீச்சர். பிரசவத்துக்குப் போட்ட லீவை நீட்டி நீட்டி... இனி ஒரு நாள் நீட்டினாலும் வேறு ஆளைப் போட்டுவிடுவேன் என்று ஹெட்மிஸ்ட்ரஸ் சொல்லிவிட்டார். இந்தத் திங்கட்கிழமை சேர்ந்தே ஆகவேண்டிய நிலைமை.

குழந்தையை யார் பார்த்துக்கொள்வது? பக்கத்து வீட்டுப் பாவாயி ஒப்புக்கொண்டாள். ஆனால் அவள் கணவர் சென்னியப்பன் தறி நெய்கிறவர். தறியில் குறுக்கே ஓடுகிற நாடாவுக்குள் போடுகிற நூலைக் குழலில் சுற்றிக் கொடுப்பது, அதாவது தார் சுற்றுவது, பாவாயியின் வேலை. அவள் கை ஓய்ந்தால் தறியும் ஓய்ந்துவிடும்.

"பால் குடுக்கறன், துணி மாத்தறன், அதெல்லாம் ஒண்ணுமில்லீங்க டீச்சரம்மா. ஆனா தூளிய ஆட்டிக்கிட்டு உக்கார முடியாதுங்க. நான் தார் சுத்தோணும்" என்று முன்கூட்டியே சொல்லிவிட்டாள்.

என் மகளோ பத்தரை மணித் தூக்கத்துக்குத் தூளி ஆடாவிட்டால் தெருவையே கூட்டிவிடுவாள். கை ஒரு நிமிஷம் நின்றால் போதும், கண்ணைத் திறந்து முறைப்பாள். எங்கள் ஹெட்மிஸ்ட்ரஸ்கூட அப்படி முறைக்க மாட்டார்!

சேலத்தில் ஒரு லேடி டாக்டர்தான் வழி சொன்னார். வயிறு நிரம்பியிருக்கிறதா, துணி உலர்ந்திருக்கிறதா என்று பார். தூளியில் போட்டுவிட்டு வெளியே வா. அழுதால் சற்றுப் பொறுத்து, உள்ளே போய்த் தட்டிக்கொடு. தூக்காதே, ஆட்டாதே. மறுபடியும் வெளியே வா.

சொல்லிவிட்டார். அவருக்கென்ன? அழுகையைக் கேட்கிற காது என்னுடையது அல்லவா?

முதல் நாள் ஞாயிற்றுக்கிழமை. அரை மணி நேரம் அழுதாள். நானும் வாசலில் நின்று அழுதேன். எங்கள் வீட்டுக்காரர் போஸ்ட் ஆபீஸ் கிளார்க். ஊராருடைய சாவுத் தந்திகளையெல்லாம் கலங்காமல் படித்துச் சொல்கிற மனுஷர், அன்றைக்குத் துண்டைக் கடித்துக்கொண்டு நின்றார்.

"ஏம் புள்ள, உனக்கு நெஞ்சென்ன கல்லா?"

"கல்லுதானுங்க. என் வேலை போனா நீங்க வந்து மூணாங்கிளாஸ் எடுப்பீங்களா?"

அவர் செருப்பை மாட்டிக்கொண்டு எங்கேயோ போய்விட்டார்.

மறுநாள் கால் மணி நேரந்தான் அழுகை. அதற்கு மறுநாள் வெறும் சிணுங்கல். ஐந்தாம் நாள்... சத்தமே இல்லை! நான் பேனாவைத் திறந்துகொண்டு உங்களிடம் பெருமை பேச உட்கார்ந்துவிட்டேன்.

இப்போது அடுத்த வாரத்துச் சனிக்கிழமைக்கு வருகிறேன். தூளிச் சேலையைத் துவைப்பதற்காக அவிழ்த்தபோது கையில் ஏதோ இடறியது. கஞ்சி போட்டு முறுக்கின நூல். சேலைக்குப் பின்னால் மேலே ஏறி, விட்டத்தோடு ஓடி, ஓட்டுக்கும் பொதுச் சுவருக்கும் நடுவில் இருக்கிற சந்துக்குள் நுழைந்து பக்கத்து வீட்டுக்குப் போயிருந்தது.

நானும் போனேன். ஓட்டமாக!

அந்தப் பக்கம் இறங்கிய நூல், சென்னியப்பனின் தறிக்குழியில், அவர் காலால் மிதிக்கிற கட்டையில் கட்டியிருந்தது. அவர் மிதிக்க மிதிக்க என் மகளின் தூளி ஆடியிருக்கிறது! தட்டிக்கொடுக்க உள்ளே போனபோது அது லேசாக ஆடியதை நானும் பார்த்தேன்தான். குழந்தை உதைக்கிறாள் என்றல்லவா நினைத்தேன்?

"இது யாரு வேலைங்க?" என்றேன்.

சென்னியப்பன் தலையைச் சொறிந்தார். "போஸ்டாபீஸ் ஐயாதானுங்க. 'பாப்பா அழுவறது தாங்க முடியல சென்னியப்பா, ஏதாச்சும் பண்ணு'ன்னு கண்ணுல தண்ணி வெச்சுக்கிட்டாருங்க. நான் என்ன பண்ணட்டும்?"

நாளை மறுநாள் பள்ளிக்கூடம். லேடி டாக்டர் சொன்ன வழியும் வீண், நான் அழுத அழுகையும் வீண். "எல்லாம் போச்சு! இவ ஒரு நாள்கூடத் தானாத் தூங்கலையே!" என்று வாய்விட்டே அழுதுவிட்டேன்.

பாவாயி என் தோளைப் பிடித்துத் திருப்பினாள். "ஏனுங்க டீச்சரம்மா, அழுவாம தறியப் பாருங்க."

பார்த்தேன். தறியில் நெய்வதற்குக் கட்டுகிற பாவு நூலே இல்லை. வெறும் சட்டம் நின்றது.

"நூலு வரலீங்க. தறி நின்னு மூணு நாளாச்சுங்களே!"

மூன்று நாளா? தெரு முழுக்கத் தறிச் சத்தம். அதில் ஒன்று நின்றுபோனதை நான் எங்கே கவனித்தேன்?

"தறி நின்ன அன்னிக்கு, நானே நூலப் புடிச்சு இழுக்கலாம்னு வந்தனுங்க" என்றார் சென்னியப்பன். "சொவுத்துல காத வெச்சுக் கேட்டன். ரெண்டு தடவ 'ம்ம்... ம்ம்'ன்னுச்சு. அப்பறம் ஒரு சத்தமும் இல்ல. சாமி தூங்கிருச்சு! மக்யா நாளும், அதுக்கடுத்த நாளும் அப்படித்தானுங்க. நூலுக்கு வேலையே இல்ல."

அந்த நிமிஷம் எனக்கு வந்த சந்தோஷத்தை என்னவென்று சொல்ல! பாவாயியைக் கட்டிக்கொண்டேன். தறி நின்ற வீட்டில் இப்படிக் குதிக்கலாமா என்று அப்புறந்தான் உறைத்தது. அதையும் அவளிடமே சொன்னேன்.

"அட போங்க, நூலு வந்துருங்க" என்று சிரித்தாள்.

வந்தேவிட்டது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் சென்னியப்பன் வீட்டில் மறுபடியும் பாவு ஏறியது. ஆனால் தூளிக்குப் போன நூலை நான் சனிக்கிழமையே அறுத்தாகிவிட்டது. அதைச் சுருட்டி எங்கள் வீட்டுக்காரரின் சாப்பாட்டுத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன். நூலைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். "ரசத்துல உப்புக் கம்மி" என்றார்.

திங்கட்கிழமை பத்தரை மணிக்கு மூன்றாம் வகுப்பில் வாய்ப்பாடு நடத்திக்கொண்டிருந்தேன். சாக்பீஸ் கையிலேயே நின்றது. இப்போது தூளியில் போட்டிருப்பாள்... அழுகிறாளோ?

மணி அடித்ததும் ஓட்டமும் நடையுமாக வீட்டுக்கு வந்தேன். பாவாயி தார் சுற்றிக்கொண்டிருந்தாள்.

"போட்டேன், தூங்கிருச்சுங்க. ஒரு சத்தமில்ல. ஐயாதான் ரெண்டு தடவ சைக்கிள்ல வந்து, கதவுச் சந்துல பாத்துட்டுப் பாத்துட்டுப் போனாருங்க."

ஆகவே, ஆத்தூர் அம்மாளுக்கு என் பதில்: குழந்தைக்குப் பத்து நாள் போதும், அப்பாவுக்கு எத்தனை நாள் பிடிக்கும் என்று லேடி டாக்டர் சொல்லவில்லை.